அளவை வைத்து மூலக்கூறுகளைப் பிரிப்பது: ஜெல் ஃபில்ட்ரேஷனை முதன்முறை செய்பவர்களுக்கு

புரதங்களைப் பிரிக்க ஆய்வகத்தில் பயன்படும் குழாய் முறைகள் பலவற்றில், புரதம் முதலில் குழாய்க்குள் இருக்கும் பொருளோடு ஒட்டிக்கொள்ளும். அப்புறம் உப்பைக் கூட்டியோ பிஎச்சை மாற்றியோ அதைக் கழற்றி எடுப்போம். ஜெல் ஃபில்ட்ரேஷனில் எதுவும் ஒட்டுவதில்லை. ஒட்டவும் கூடாது. பெரியது, சிறியது என்ற வேறுபாடு ஒன்றே பிரிக்கிறது.

இதனால் புரதத்துக்கு நல்லது. உங்களுக்குப் பிடித்த பஃபரிலேயே (பிஎச்சை மாறாமல் வைத்திருக்கும் கரைசல்), மடிப்புக் குலையாமல், வேலை செய்யும் நிலையில் அது வெளியே வரும். ஆனால் செய்பவருக்கு இது கண்டிப்பான முறை. ஒட்டும் முறைகளில் ஒரு லிட்டர் நீர்த்த கரைசலை ஊற்றினாலும் புரதமெல்லாம் குழாயின் உச்சியில் மெல்லிய பட்டையாகச் சேர்ந்துவிடும். ஊற்றியதில் இருந்த கவனக்குறைவு அங்கேயே சரியாகிவிடும். இங்கே அந்தத் திருத்தம் கிடையாது. மேலே எவ்வளவு அகலமான பட்டையை வைக்கிறீர்களோ, கீழே அதைவிட அகலமாகத்தான் வரும். ஜெல்லை நிரப்பிய விதமும் சாம்பிளை வைத்த விதமும்தான் முடிவைத் தீர்மானிக்கின்றன. அதனால் இந்தக் கட்டுரையிலும் அந்த இரண்டுக்கே அதிக இடம்.

உள்ளே என்ன நடக்கிறது?

குழாய் முழுக்க நுண்ணிய ஜெல் மணிகள். ஒவ்வொரு மணியும் துளைகள் நிறைந்தது. துளைக்குள் நுழைய முடியாத பெரிய மூலக்கூறு, மணிகளுக்கு இடையில் உள்ள திரவத்தோடு நேராகக் கீழே இறங்கிவிடுகிறது. சிறிய மூலக்கூறு துளைகளுக்குள் போய்ப் போய் வருகிறது. அது பயணம் செய்யும் இடம் அதிகம், ஆகவே தாமதமாக வருகிறது. தேர் மாடவீதியோடு போய் நிலைக்கு வந்துவிடும். தேர் பார்க்க வந்த பையன் ஒவ்வொரு சந்துக்குள்ளும் நுழைந்து கடைசியில் வந்து சேருவான். பெரியது முதலில், சிறியது கடைசியில். சல்லடை என்று நினைத்துக்கொண்டு வருபவர்கள் இதைத் தலைகீழாகப் புரிந்துகொள்கிறார்கள். சல்லடையில் சிறியதுதான் முதலில் விழும். இங்கே அப்படி இல்லை.

1950களின் நடுவில் லண்டனில் லேத், ரூத்வென் என்ற இருவர் ஊறவைத்த மாவுச்சத்தைக் குழாயில் நிரப்பி இப்படிப் பிரித்துக் காட்டினார்கள். மாவுச்சத்து மென்மையானது, திரவம் ஓட மறுக்கும். 1959இல் ஸ்வீடனின் உப்சாலாவில் எர்க்கர் பொராத்தும் பெர் ஃப்ளோடினும், டெக்ஸ்ட்ரான் என்ற சர்க்கரைப் பாலிமரைக் குறுக்குப் பிணைப்புகளால் இறுக்கிச் செய்த மணிகளை அறிமுகப்படுத்தினார்கள். அதே ஆண்டு ஃபார்மசியா நிறுவனம் அதை செஃபாடெக்ஸ் என்ற பெயரில் விற்பனைக்குக் கொண்டுவந்தது. இன்றும் கல்லூரி ஆய்வகத்தில் உங்கள் கையில் தரப்படுவது பெரும்பாலும் அதுதான்.

எந்த ஜெல்?

ஜெல்லின் பெயருக்குப் பின்னால் இருக்கும் எண் துளையின் அளவைக் காட்டும் குறிப்பு. செஃபாடெக்ஸில் எண் கூடக்கூட ஜெல் அதிகத் தண்ணீரைக் குடிக்கும், துளை பெரிதாகும், மணி மென்மையாகும். உருண்டைப் புரதங்களுக்கு ஜி-25 சுமார் 1,000 முதல் 5,000 டால்டன் (மூலக்கூறு எடையின் அலகு) வரை பிரிக்கும். ஜி-50 என்றால் 1,500 முதல் 30,000 வரை. ஜி-75 என்றால் 3,000 முதல் 80,000 வரை. ஜி-100 என்றால் 4,000 முதல் 1,50,000 வரை.

இந்த எல்லைகளுக்கு வெளியே இருப்பவை ஒன்றிலிருந்து ஒன்று பிரியாது. ஜி-25இல் 20,000 டால்டன் புரதமும் 2,00,000 டால்டன் புரதமும் கைகோத்துக்கொண்டு ஒரே நேரத்தில் வரும். புரதத்திலிருந்து உப்பை மட்டும் நீக்க வேண்டுமென்றால் நமக்கு வேண்டியதே அதுதான்: புரதமெல்லாம் முன்னால், உப்பு பின்னால். உங்கள் வேலை அது மட்டும் என்றால் கீழே உள்ள பெரும்பகுதி தேவையே இல்லை. பிடி-10 என்ற நிரப்பிய ஜி-25 குழாயை வாங்கி, 25 மி.லி. பஃபரால் கழுவி, 2.5 மி.லி. சாம்பிளை விட்டு, வருவதைக் கொட்டிவிட்டு, மேலும் 3.5 மி.லி. பஃபரை ஊற்றி அதைப் பிடித்துக்கொள்ளுங்கள். புரதம் அதில் இருக்கும். கால் மணி நேர வேலை.

புரதத்தைப் புரதத்திலிருந்து பிரிப்பதுதான் கடினம். அதைப் பழகச் சிறந்த வழி, கண்ணுக்குத் தெரியும் நிறமுள்ள பொருள்களோடு தொடங்குவது. ப்ளூ டெக்ஸ்ட்ரான் நீலம், சுமார் 20 லட்சம் டால்டன். எந்தத் துளைக்குள்ளும் போகாது. சைட்டோகுரோம் சி செம்பழுப்பு, 12,400 டால்டன். வைட்டமின் பி12 இளஞ்சிவப்பு, 1,355 டால்டன். இந்த மூன்றுக்கும் ஜி-75 நன்றாகப் பொருந்தும். குழாய் 1 செ.மீ. உள்விட்டம், ஜெல் 30 செ.மீ. உயரம் என்று வைத்துக்கொள்வோம். ஜெல் படுகையின் மொத்தக் கனஅளவு சுமார் 23.5 மி.லி.

ஊறவைப்பது

ஒரு கிராம் காய்ந்த ஜி-75 ஊறினால் 12 முதல் 15 மி.லி. ஆகும். நமக்கு 2.5 கிராம் எடுத்தால் சேதாரம் போக மிஞ்சும். தாராளமாகப் பஃபர் விட்டு, அறை வெப்பநிலையில் ஒரு முழு நாள் விடுங்கள். அவசரம் என்றால் கொதிநீர்த் தொட்டியில் மூன்று மணி நேரம் போதும். சூடாக்கினால் உள்ளே சிக்கிய காற்றும் வெளியேறும்.

காந்தக் கலக்கியைப் போடாதீர்கள். காந்தத் துண்டு அடியில் மணிகளை அரைத்துத் தூளாக்கிவிடும். அந்தத் தூள் மணிகளுக்கு இடையில் அடைத்துக்கொண்டால் ஓட்டம் நின்றுபோகும். கண்ணாடிக் கோலால் மெதுவாகக் கலக்கினால் போதும். ஊறிய பின் ஒருமுறை கலக்கி, பெரும்பகுதி படிந்ததும் மேலே கலங்கலாக நிற்கும் திரவத்தை இறுத்துவிடுங்கள். புதுப் பஃபர் விட்டு இரண்டு மூன்று முறை இப்படிச் செய்யுங்கள். அந்தக் கலங்கல்தான் தூள்.

பஃபரைப் பற்றி: 50 மில்லிமோலார் ட்ரிஸ் அல்லது பாஸ்பேட், பிஎச் 7.4, அதில் 150 மில்லிமோலார் சோடியம் குளோரைடு. உப்பை விட்டுவிடாதீர்கள். செஃபாடெக்ஸில் கொஞ்சம் எதிர்மின் தொகுதிகள் உண்டு. சைட்டோகுரோம் சி போன்ற நேர்மின் புரதம், உப்பு இல்லாத பஃபரில் அவற்றோடு ஒட்டிக்கொண்டு தாமதமாக வரும். எதுவும் ஒட்டக் கூடாது என்று தொடக்கத்தில் சொன்னேனே, அந்த நிபந்தனையைக் காப்பாற்றுவது இந்த உப்புதான். பஃபரை வடிகட்டி, வெற்றிடப் பம்பில் வைத்துக் காற்றை நீக்கி, குழாய் இருக்கும் அறையிலேயே வெப்பம் சமமாகும்வரை வையுங்கள். குளிர்பதனப் பெட்டியிலிருந்து எடுத்த பஃபரை நேராகச் சூடான அறையில் ஓடவிட்டால், கரைந்திருந்த காற்று குமிழிகளாக ஜெல்லுக்குள்ளேயே வெளிப்படும். மே மாதத்தில் இதில் இன்னும் கவனம் தேவை.

நிரப்புவது

குழாயைத் தாங்கியில் பொருத்தி, நூல்குண்டு வைத்துச் செங்குத்தா என்று பாருங்கள். கண்மதிப்பை நம்ப வேண்டாம். சாய்ந்த குழாயில் பட்டையும் சாய்ந்தே இறங்கும். முன்னால் போன பட்டையின் வால் பின்னால் வருவதோடு கலந்துவிடும்.

அடியில் உள்ள வலையை நனைத்து, அதற்குக் கீழே காற்று இல்லாதபடி சில மி.லி. பஃபரை ஓடவிட்டு, வெளிவழியை மூடுங்கள். குழாயில் ஓரிரு செ.மீ. உயரத்துக்குப் பஃபர் நிற்கட்டும். ஜெல் குழம்பு ஊற்றும் பதத்தில் இருக்க வேண்டும்: படிய வைத்தால் முக்கால் பங்கு ஜெல், கால் பங்கு திரவம். ரொம்பக் கெட்டியாக இருந்தால் காற்று சிக்கும். ரொம்ப நீர்த்திருந்தால் பெரிய மணிகள் முதலில் படிந்து, அடியில் ஒரு தன்மை, மேலே வேறு தன்மை என்று ஆகிவிடும்.

குழம்பை ஒரே தடவையில், கண்ணாடிக் கோலின் வழியாகக் குழாயின் சுவரோடு வழியவிட்டு ஊற்றுங்கள். பாதி ஊற்றி, அது படிந்தபின் மீதியை ஊற்றுவது புதியவர்கள் இயல்பாகச் செய்யத் தோன்றும் காரியம். செய்யாதீர்கள். இரண்டு தவணைகளும் சேரும் இடத்தில் ஒரு கோடு உருவாகும், பட்டை அங்கே உடையும். முழுக் குழம்பும் குழாய்க்குள் அடங்காது என்பதால் மேலே ஒரு நீட்சிக் குழாயோ புனலோ பொருத்திக்கொள்ளுங்கள்.

ஊற்றி முடித்ததும் வெளிவழியைத் திறங்கள். பின்னால் ஓட்டப்போகும் வேகத்தைவிடச் சற்று அதிக வேகத்தில் படியட்டும். அப்போதுதான் ஓட்டும்போது படுகை மேலும் அமுங்காது. படுகை நிலைத்ததும், அதன் மொத்தக் கனஅளவைப் போல இரண்டு மூன்று மடங்கு பஃபரை ஓடவிடுங்கள். ஒரு கணமும் ஜெல்லின் மேற்பரப்பு உலரக் கூடாது. உலர்ந்து காற்று புகுந்துவிட்டால் தட்டிக் கொட்டிச் சரிசெய்யப் பார்க்காமல், ஜெல்லை வெளியே எடுத்து மறுபடி நிரப்புங்கள். கசப்பான அறிவுரைதான், ஆனால் அரை நாள் மிச்சமாகும்.

வெளிச்சத்துக்கு எதிரே குழாயைப் பிடித்துப் பார்த்தால் குமிழியும் விரிசலும் தெரியும். தெரியாததைக் காட்ட ப்ளூ டெக்ஸ்ட்ரான் இருக்கிறது. மி.லி.க்கு 1 மி.கி. கரைசலில் 0.3 மி.லி. வைத்து ஓடவிட்டு, நீலப்பட்டை இறங்குவதைக் கண்ணால் பாருங்கள். அது கிடைமட்டமாக, மெல்லியதாக, ஒரே சீராக இறங்கினால் உங்கள் படுகை நல்ல படுகை. ஒரு பக்கம் நாக்கு நீட்டினால் மறுபடி நிரப்ப வேண்டியதுதான். நீலம் உச்சமாக வெளியேறும் கனஅளவைக் குறித்துக்கொள்ளுங்கள். அதுதான் வாய்ட் வால்யூம், அதாவது மணிகளுக்கு வெளியே உள்ள இடத்தின் அளவு. மொத்தத்தில் மூன்றில் ஒரு பங்கு அளவுக்கு இருக்கும்; நம் குழாயில் சுமார் 8 மி.லி.

ப்ளூ டெக்ஸ்ட்ரானைப் புரதங்களோடு கலக்காமல் தனியே ஓட்டுவது நல்ல பழக்கம். அதில் உள்ள நீலச்சாயம் சில புரதங்களைப் பிடித்துக்கொண்டு தன்னோடு முன்னால் இழுத்துவந்துவிடும்.

சாம்பிளை வைப்பது

படுகையின் மொத்தக் கனஅளவில் 0.5 முதல் 4 சதவீதம். அதற்கு மேல் கூடாது. நம் குழாய்க்கு 0.3 மி.லி. பொருத்தம். மூன்று மி.லி. சாம்பிள் இருக்கிறதே, ஒரே ஓட்டத்தில் முடித்துவிடலாமே என்று தோன்றும். மூன்று மி.லி. அகலப் பட்டை, போகப்போக இன்னும் அகலமாகி, பக்கத்துப் பட்டைக்குள் புகுந்துவிடும். முதலில் செறிவாக்குங்கள், இல்லையென்றால் பல தடவையாக ஓட்டுங்கள். உப்பு நீக்குவதற்கு மட்டும் இந்த விதி தளரும். அங்கே 30 சதவீதம் வரைகூடப் போகலாம், ஏனென்றால் புரதத்துக்கும் உப்புக்கும் இடையே இடைவெளி அவ்வளவு பெரிது.

செறிவாக்குவதற்கும் எல்லை உண்டு. மி.லி.க்கு 50 மி.கி.க்கு மேல் புரதம் இருந்தால் சாம்பிள் பிசுபிசுப்பாகி, பட்டை விரல்விரலாகப் பிரிந்து இறங்கும். வைக்கும் முன் சாம்பிளை மையவிலக்கியில் சுழற்றித் தெளிந்ததை மட்டும் எடுங்கள். கலங்கல் எதுவும் குழாய்க்குள் போகக் கூடாது.

நம் சாம்பிள்: மி.லி.க்கு 2 மி.கி. சைட்டோகுரோம் சி, 1 மி.கி. வைட்டமின் பி12, ஓடும் பஃபரிலேயே கரைத்தது. படுகைக்கு மேல் நிற்கும் பஃபரை ஜெல் மட்டம் வரை இறங்கவிட்டு, வெளிவழியை மூடுங்கள். பிப்பெட்டின் முனையைச் சுவரில் வைத்து, ஜெல் கலையாதபடி சொட்டுச்சொட்டாகச் சுற்றிவர விடுங்கள். வெளிவழியைத் திறந்து சாம்பிள் உள்ளே இறங்கும்வரை பாருங்கள், இறங்கியதும் மூடுங்கள். 0.3 மி.லி. பஃபரால் சுவரைக் கழுவி அதையும் உள்ளே விடுங்கள். அப்புறம் மேலே சில செ.மீ. பஃபர் நிரப்பி, தொடர்ந்து பஃபர் தரும் குப்பியை இணையுங்கள். சாம்பிள் ஜெல்லுக்குள் போன அந்தக் கணத்திலிருந்து கனஅளவைக் கணக்கிடத் தொடங்க வேண்டும்.

கை நடுங்குபவர்களுக்கு இன்னொரு வழி: சாம்பிளில் 5 சதவீதம் கிளிசரால் சேர்த்தால் அது பஃபரைவிடக் கனமாகும். ஜெல்லுக்கு மேல் பஃபர் நிற்கும்போதே, பிப்பெட்டின் முனையை ஜெல்லுக்குச் சற்று மேலே வரை இறக்கி மெதுவாக விட்டால், அது தானாகவே அடியில் படியும்.

ஓட்டுவதும் பிடிப்பதும்

வேகம் நிமிடத்துக்கு 0.25 மி.லி. போதும். முழு ஓட்டம் ஒன்றரை மணி நேரம் ஆகும். துளைக்குள் போய்வர மூலக்கூறுக்கு நேரம் வேண்டும். அவசரப்படுத்தினால் பட்டைகள் அகன்று ஒன்றோடொன்று கலக்கும். பம்பு இல்லாவிட்டால் பஃபர் குப்பியை உயர்த்தியோ தாழ்த்தியோ வேகத்தை மாற்றலாம். ஓட்டம் குறைகிறதே என்று குப்பியை உயர்த்திக்கொண்டே போகாதீர்கள். மென்மையான ஜெல் அமுங்கி, ஓட்டம் இன்னும் குறையும்.

சோதனைக்குழாய்களுக்கு முன்கூட்டியே எண் இட்டு, ஒவ்வொன்றிலும் 0.5 மி.லி. பிடியுங்கள். நடுவில் செம்பழுப்பும், கடைசியில் இளஞ்சிவப்பும் தனித்தனியே இறங்குவதைக் கண்ணாலேயே பார்க்கலாம். அளப்பதற்கு, ஒவ்வொன்றிலும் 0.5 மி.லி. பஃபர் சேர்த்து ஸ்பெக்ட்ரோஃபோட்டோமீட்டரில் வையுங்கள். சைட்டோகுரோம் சிக்கு 410 நானோமீட்டர், பி12க்கு 361, முன்பு ஓட்டிய ப்ளூ டெக்ஸ்ட்ரானுக்கு 620. நிறமற்ற புரதம் என்றால் 280. கிடைமட்ட அச்சில் வெளியேறிய கனஅளவு, செங்குத்து அச்சில் ஒளி உறிஞ்சல் என்று வரையுங்கள். கிடைமட்டத்தில் குழாயின் எண்ணைப் போடும் பழக்கம் வேண்டாம். அடுத்த முறை வேறு அளவில் பிடித்தால் ஒப்பிட முடியாது.

எண்ணிலிருந்து எடைக்கு

உச்சம் வந்த கனஅளவிலிருந்து வாய்ட் வால்யூமைக் கழியுங்கள். மொத்தக் கனஅளவிலிருந்தும் வாய்ட் வால்யூமைக் கழியுங்கள். முதலாவதை இரண்டாவதால் வகுத்தால் வருவது கே-ஏவி. சைட்டோகுரோம் சி 15 மி.லி.யில் உச்சம் அடைந்ததாக வைத்துக்கொண்டால், 15லிருந்து 8 போக 7; 23.5லிருந்து 8 போக 15.5, 7ஐ 15.5ஆல் வகுக்க 0.45. குழாயின் நீளமோ விட்டமோ மாறினாலும் அதே ஜெல்லில் இந்த எண் ஏறக்குறைய மாறாது. அதுதான் இதன் பயன்.

எடை தெரிந்த புரதங்களை ஓட்டி, கே-ஏவியை மூலக்கூறு எடையின் மடக்கைக்கு எதிரே வரைந்தால், ஜெல்லின் எல்லைக்குள் நேர்கோடு கிடைக்கும். ஜி-75க்கு ஓவால்புமின் (44,000), கார்பானிக் அன்ஹைட்ரேஸ் (29,000), ரைபோநியூக்ளியேஸ் ஏ (13,700), அப்ரோட்டினின் (6,500) வசதியானவை. உங்கள் புரதத்தின் கே-ஏவியை அந்தக் கோட்டில் வைத்து எடையைப் படிக்கலாம்.

ஆனால் குழாய் பார்ப்பது எடையை அல்ல, மூலக்கூறு சுழன்று திரிய எடுத்துக்கொள்ளும் இடத்தை. உருண்டைப் புரதங்களை வைத்துப் போட்ட கோடு, உருண்டைப் புரதங்களுக்குத்தான் பொருந்தும். ரத்தத்தை உறையவைக்கும் ஃபைப்ரினோஜன் நீண்ட வடிவம் கொண்டது. 3,40,000 டால்டன் எடைக்கு எதிர்பார்ப்பதைவிட மிக முன்னால் வந்துவிடும். கொலாஜன் அதற்கும் ஒரு படி மேல். அதன் மூவிழைச் சுருளை 1954இல் சென்னையில் ஜி.என். ராமச்சந்திரனும் கோபிநாத் கார்த்தாவும் முன்மொழிந்தார்கள். சுமார் 300 நானோமீட்டர் நீளமும் 1.5 நானோமீட்டர் தடிமனுமான அந்தக் கோலை எந்த உருண்டைப் புரதத்தோடும் ஒப்பிட முடியாது. சவ்வுப் புரதம் தன்னைச் சுற்றியுள்ள டிடர்ஜென்ட்டையும் சேர்த்தே தன் அளவைக் காட்டும்.

இதே காரணத்தால் இந்த முறை சொல்லும் செய்தி வேறெங்கும் எளிதில் கிடைக்காது. எஸ்டிஎஸ் என்ற டிடர்ஜென்ட்டால் புரதத்தை விரித்து மின்சாரத்தால் ஓட்டும் எஸ்டிஎஸ் ஜெல்லில் ஹீமோகுளோபின் சுமார் 16,000 டால்டனில் ஒரு பட்டையாகத் தெரியும், ஏனென்றால் அங்கே சங்கிலிகள் பிரிக்கப்பட்டுவிடுகின்றன. ஜெல் ஃபில்ட்ரேஷனில் அது நான்கு சங்கிலிகளும் சேர்ந்த நிலையில், 64,500க்கு அருகில் வரும். அதுவும் செறிவான சாம்பிளில்தான். நீர்க்க நீர்க்க அது இரண்டிரண்டாகப் பிரியத் தொடங்கும். உச்சம் 64,500க்கும் 32,000க்கும் இடையில் எங்கோ நகரும். அந்த நகர்வைக் குழாயின் பிழை என்று ஒதுக்கிவிடாதீர்கள். சாம்பிளின் செறிவை மாற்றி மாற்றி ஓட்டிப் பாருங்கள். உச்சமும் கூடவே நகர்ந்தால், புரதம் சேர்வதையும் பிரிவதையும்தான் பார்த்துக்கொண்டிருக்கிறீர்கள்.

எதிர்பாராத இடத்தில் உச்சம் வந்தால்

வாய்ட் வால்யூமிலேயே புரதம் வந்துவிட்டால் இரண்டு காரணங்கள் இருக்கலாம்: ஜெல்லின் எல்லையைவிடப் புரதம் பெரியது, அல்லது திரண்டு கட்டியாகிவிட்டது. பெரிய துளை ஜெல்லில் ஓட்டிப் பார்த்தால் விடை தெரியும். மொத்தக் கனஅளவையும் தாண்டி வந்தால் அது எங்கோ ஒட்டுகிறது. உப்பைக் கூட்டுங்கள். அப்படியும் தாமதமானால் நீர்வெறுக்கும் பகுதியோ அரோமாட்டிக் வளையமோ ஜெல்லோடு பேசுகிறது என்று பொருள். அங்கே உப்பு உதவாது, பஃபரில் கொஞ்சம் எத்தனால் சேர்த்துப் பார்க்கலாம், புரதம் தாங்கினால். உச்சத்துக்கு நீண்ட வால் இருந்தால் முதலில் படுகையைச் சந்தேகியுங்கள், மறுபடி ப்ளூ டெக்ஸ்ட்ரானை ஓட்டுங்கள். படுகை சரியென்றால் பிறகு சாம்பிளைச் சந்தேகிக்கலாம்.

இரண்டு உச்சங்கள் கிட்டத்தட்டப் பிரிந்து நின்றால், குழாயை இருமடங்கு நீளமாக்கினால் இருமடங்கு பிரியும் என்று எண்ண வேண்டாம். பிரிதிறன் நீளத்தின் வர்க்கமூலத்தைப் பொறுத்தது, சுமார் 1.4 மடங்குதான் கூடும். ஒரே அளவுள்ள இரண்டு புரதங்களை எவ்வளவு நீளக் குழாயாலும் பிரிக்க முடியாது. அதற்கு மின்னேற்றத்தால் பிரிக்கும் முறைக்குப் போங்கள். பொதுவாகவே ஜெல் ஃபில்ட்ரேஷனைச் சுத்திகரிப்பின் கடைசிப் படியாக வைப்பதுதான் சரி. சாம்பிள் குறைவாக, செறிவாக, ஓரளவு சுத்தமாக இருக்கும் நிலையில்தான் இது தன் முழுத் திறனைக் காட்டும்.

முடித்த பின்

படுகையின் கனஅளவைப் போல இரண்டு மடங்கு பஃபரால் கழுவுங்கள். சில நாள்களுக்குள் மறுபடி பயன்படுத்துவதாக இருந்தாலும் பாதுகாப்பு இல்லாமல் விடாதீர்கள். டெக்ஸ்ட்ரான் சர்க்கரைதான், கிருமிகளுக்கு அது சாப்பாடு. 20 சதவீத எத்தனாலோ, 0.02 சதவீத சோடியம் அசைடோ ஓட்டி, இருபக்கமும் மூடி வையுங்கள். எத்தனாலில் ஜெல் சற்றுச் சுருங்கும், மெதுவாக ஓட்டுங்கள். அசைடு கொடிய நஞ்சு. அமிலத்தோடு சேர்ந்தால் நச்சு ஆவி வரும். செம்பு, ஈயக் குழாய்களில் தேங்கினால் வெடிக்கும் உப்பாகும். ஆகவே தொட்டியில் கொட்டாமல் அதற்கென உள்ள கழிவுக் குப்பியில் சேருங்கள். குழாயின் மேல் ஜெல்லின் பெயர், நிரப்பிய தேதி, வாய்ட் வால்யூம், உள்ளே இருக்கும் திரவம் நான்கையும் எழுதி ஒட்டுங்கள். அடுத்து அதைத் திறப்பவர் முதலில் அசைடைக் கழுவ வேண்டும் என்பதை அந்தச் சீட்டுதான் அவருக்குச் சொல்லும்.